மெர்யெம் அன்னையின் வீட்டில்

துருக்கியின் செல்சுக் ஊரிலிருந்து புல்புல் மலைக்கு ஏறும் சாலை, மரங்களுக்கு நடுவே வளைந்து வளைந்து போகிறது. மேலே ஒரு சிறிய கல் வீடு. ‘மெர்யெம் அனா எவி’ என்கிறார்கள், மரியன்னையின் வீடு. ஜெர்மனியில் நோய்ப்படுக்கையில் கிடந்த கன்னியாஸ்திரி ஒருவர் கண்ட காட்சிகளை நம்பி, 1891இல் இஸ்மிரிலிருந்து வந்த குருக்கள் இதைக் கண்டெடுத்தார்கள். மாதா இங்கேதான் வாழ்ந்தார் என்று திருச்சபை இன்றுவரை தீர்ப்புச் சொல்லவில்லை. போப் ஆறாம் பவுல் 1967இல் வந்து ஜெபித்துவிட்டுப் போனார். எனக்கு அது போதும்.

ஜெபமாலையோடு உள்ளே நுழைந்தேன். எனக்கு முன்னால் முக்காடிட்ட ஒரு பெரியம்மா இரு கைகளையும் ஏந்தி துஆ கேட்டுக்கொண்டிருந்தார். உதடுகள் மட்டும் அசைந்தன.

வெளியே ஊற்றுக் குழாயடியில் அவரே என் பாட்டிலை வாங்கி நிரப்பினார். நான் அழுததைக் கவனித்திருக்கிறார். கூட வந்த மகளுக்கு ஆங்கிலம் தெரிந்ததால், ஊரில் அம்மா படுத்த படுக்கையாக இருப்பதைச் சொன்னேன். பதிலுக்கு அவர் சொன்னது குர்ஆனின் 19ஆம் அத்தியாயம். அதன் பெயரே மர்யம். பிரசவ வலியில் பேரீச்ச மரத்தடியில் தனியாக இருக்கும் மர்யம், இதற்கு முன்பே செத்திருக்கக் கூடாதா என்று புலம்புகிறார். கவலைப்படாதே, உன் காலடியில் நீரோடை இருக்கிறது, மரத்தை உலுக்கு, பழம் உதிரும் என்று ஒரு குரல் தேற்றுகிறது.

பத்து வருடம் மறைக்கல்வி படித்தவள் நான். எங்கள் கிறிஸ்துமஸ் குடிலில் மாதா எப்போதும் சாந்தமாகவே இருப்பார். வலியில் கதறும் மாதாவை இந்த அம்மா சொல்லித்தான் அறிந்தேன். இயேசு அவருக்கு ஈசா நபி, எனக்கு இறைமகன். அது சின்ன வேறுபாடு இல்லை. மழுப்பவும் நான் விரும்பவில்லை. ஆனாலும் என் அம்மாவுக்காக அவர் அழுதார்.

கீழே நேர்ச்சைச் சுவரில் காகிதமும் துணியும் அடையடையாகத் தொங்குகின்றன. என்னிடம் எதுவும் இல்லை. பெரியம்மா தம் கைக்குட்டையைக் கிழித்துப் பாதியை நீட்டினார். அம்மாவின் பெயரைத் தமிழில் எழுதிக் கட்டினேன். மறுபாதியை அவர் மகளுக்காகக் கட்டினார். கல்யாணமாகி ஏழு வருடமாகக் குழந்தை இல்லையாம்.

வேளாங்கண்ணியில் பிள்ளை வரம் கேட்டுத் தொட்டில் கட்டுவதைச் சொன்னேன். எங்களுக்காகக் கட்டுவாயா என்று கேட்டார். மகள் என் டைரியை வாங்கித் தன் பெயரை எழுதிக் கொடுத்தாள். ஆகஸ்ட் 29 கொடியேற்றத்துக்கு அந்த டைரியோடுதான் போகிறேன்.