யார் செய்தது என்று கேட்டார்

"இது யாரு செஞ்சது?" என்று எங்கள் பதிப்பகத்து சார் போனில் கேட்டார். "அவங்கதான் சார். நான் மாத்திடறேன்" என்றேன். கேள்விக்கும் பதிலுக்கும் நடுவே மூச்சு விடுகிற நேரம்கூட இல்லை. ஒன்றரை வருடமாகியும் அந்தப் பதில் என்னை விட்டுப் போகவில்லை.

நான் சொன்னது பொய்யில்லை. அந்த அத்தியாயத்தை மொழிபெயர்த்தது அவள்தான். ஆனால் முதல் மெய்ப்பிலேயே நானும் அதைப் படித்திருந்தேன். ஓரத்தில் பென்சிலால் டிக் போட்டேன். "இந்த இடம் நல்லா வந்திருக்கு" என்று அவளிடமே சொன்னேன். சாரிடம் அதைச் சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை. கேட்காததைச் சொல்லவேண்டிய கட்டாயம் உண்டா என்று சில நாள் எனக்கு நானே வாதாடுவேன். சில நாள் அந்த வாதம் எனக்கே எடுபடாது.

எல்லாம் அந்த அத்தியாயத்தில் இருந்த ஒரு சொல்லால் வந்தது. இன்றைய பிரான்சின் தெற்கில் உள்ள துலூஸ் நகரில், 1245 மே மாதத்திலிருந்து 1246 ஆகஸ்ட் வரை கத்தோலிக்கத் திருச்சபையின் பெரிய விசாரணை ஒன்று நடந்தது. அதற்கு மூன்று வருடம் முன்பு அவிஞோனே என்ற ஊரில் விசாரணையாளர்களை இரவோடு இரவாக வெட்டிக் கொன்றிருந்தார்கள். இந்த முறை ஊர் ஊராகப் போகாமல், சுற்றுவட்டார மக்களையெல்லாம் நகரத்துக்கு வரவழைத்தார்கள். 14 வயது நிரம்பிய ஆண்கள், 12 வயது நிரம்பிய பெண்கள் எல்லோரும் வரவேண்டும். சேன் செர்னான் ஆலயத்து மடத்தில், பெர்னார் த கோ, ழான் த சேன் பியேர் என்ற இரண்டு டொமினிக்கன் துறவிகள் ஐயாயிரத்துக்கும் மேற்பட்டவர்களை விசாரித்தார்கள். அந்த வாக்குமூலங்களின் பிரதி ஒன்று இன்றும் துலூஸ் நகர நூலகத்தில் இருக்கிறது. 609ஆம் எண் சுவடி.

கேள்விகள் எல்லோருக்கும் ஒன்றுதான். பதிதர்களை, அதாவது திருச்சபையின் போதனையை விட்டு விலகியவர்களை, பார்த்தாயா? எங்கே, எப்போது? கூட யார் யார் இருந்தார்கள்? அவர்கள் பேசியதைக் கேட்டாயா? ஏதாவது கொடுத்தாயா? அவர்கள் ஆசீர்வதித்த ரொட்டியைச் சாப்பிட்டாயா? அவர்களை ஆராதித்தாயா?

வந்தவர்கள் பேசியது ஆக்சிதான் என்ற தென்பிரான்ஸ் மொழி. எழுத்தர் அதை அங்கேயே லத்தீனாக்கி, 'நான்' என்றதை 'அவர்' என்று மாற்றி எழுதிக்கொண்டார். பிற்காலத்தில் கத்தார்கள் என்று பெயர் பெற்றவர்களை அந்த மக்கள் 'நல்ல மனிதர்கள்', 'நல்ல பெண்கள்' என்றுதான் அழைத்தார்கள். எழுத்தர் கையில் அது பெரும்பாலும் 'பதிதர்' ஆனது. சில இடங்களில் மட்டும் கை அசந்து, 'நல்ல மனிதர்' அப்படியே தாளில் விழுந்திருக்கிறது.

அவள் செய்தது இதுதான். விசாரணையாளர் பேசும் இடத்தில் 'பதிதர்' என்று போட்டாள். சாட்சி பேசும் இடத்தில் 'நல்ல மனிதர்' என்று போட்டாள். "அக்கா, எழுத்தர் விட்ட இடங்கள் இருக்கே, அங்கதான் அவங்க குரல் கேட்குது. மத்த இடத்துல அதைத் திருப்பிக் கொடுக்கறேன், அவ்வளவுதான்" என்றாள். அன்றைக்கு அது எனக்குப் பிடித்திருந்தது.

தமிழில் இதற்கான சொற்கள் ஏற்கனவே காயம்பட்டவை. கத்தோலிக்க வழக்கில் பதிதர் என்பார்கள். வீரமாமுனிவர் தரங்கம்பாடி லுத்தரன்களை எதிர்த்து எழுதிய நூலுக்குப் பெயரே 'பேதகம் மறுத்தல்'. பதிதர் என்றால் விழுந்தவர். பேதகர் என்றால் பிளந்தவர். எதை எடுத்தாலும் எதிரில் நிற்பவர் வைத்த பெயர். தன்னைத்தானே யாரும் அப்படிச் சொல்லிக்கொள்ள மாட்டார்கள்.

இதைவிடச் சிக்கல் அந்தக் கடைசிக் கேள்வியில் இருந்தது. நல்ல மனிதர் ஒருவரைப் பார்த்தால் மூன்று முறை மண்டியிட்டு, ஆசி கேட்டு, நல்ல முடிவு கிடைக்கத் தனக்காகக் கடவுளிடம் வேண்டச் சொல்வது அந்த ஊர்ப் பழக்கம். அவர்கள் இறைச்சி, முட்டை, பாலாடைக்கட்டி எதையும் தொடாதவர்கள். மண வாழ்க்கை இல்லாதவர்கள். சாகக் கிடக்கிறவரின் தலைமேல் கைவைத்துக் கரையேற்றுகிறவர்கள் என்று நம்பப்பட்டவர்கள். இவர்களை ஒழிக்கச் சிலுவைப்போர் வருவதற்கு முன்பு ஊருக்குள்ளேயே, தெருவிலேயே வீடு வைத்து வாழ்ந்தார்கள். எதிரில் வந்தால் மண்டியிடுவது மரியாதை. பலருக்கு அதற்குமேல் ஒன்றும் இல்லை. சின்ன வயதில் அந்த 'நல்ல பெண்கள்' கையில் அக்ரூட் கொடுத்து மண்டியிடச் சொல்லித்தந்ததை வாக்குமூலத்தில் சொன்னவர்கூட உண்டு. அதற்கு எழுத்தர் போட்ட லத்தீன் சொல்லின் பொருள் 'ஆராதித்தார்'.

தமிழ்க் கிறிஸ்தவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். ஆராதனை கடவுளுக்கு மட்டும். புனிதர்களுக்கு வணக்கம்தான். வணக்கம் என்பதை நாம் பக்கத்து வீட்டுக்காரருக்கும் சொல்கிறோம். 'நான் அவரை வணங்கினேன்' என்று எழுதினால் ஊர்ப் பழக்கம். 'நான் அவரை ஆராதித்தேன்' என்று எழுதினால் சிறை. ஒரு முழு மதியம் நானும் அவளும் இந்த இரண்டு சொல்லையும் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். டீ ஆறிப்போய், திரும்பச் சுடவைத்துக் குடித்தோம். என் வேலையில் நான் மிகவும் சந்தோஷமாக இருந்த நாட்களில் அது ஒன்று.

அப்புறம் இரண்டாம் மெய்ப்பு வெளியே ஒரு அறிஞரின் பார்வைக்குப் போனது. அவர் 'நல்ல மனிதர்' வந்த இடத்தையெல்லாம் சிவப்பில் வட்டமிட்டு, 'மூலத்தில் இப்படி இல்லை' என்று எழுதி அனுப்பினார். அவர் சொன்னது சரி. எழுத்தர் கை அசந்த சில இடங்களைத் தவிர, மூலத்தில் அப்படி இல்லைதான். சுவடியில் இல்லாத ஒன்றை, இருந்திருக்கும் என்ற நம்பிக்கையில், மொழிபெயர்ப்பாளர் திருப்பி வைக்கலாமா? இதற்கு இன்றும் என்னிடம் பதில் இல்லை. வைக்கலாம் என்றால் நாளை இன்னொருவர் தனக்குப் பிடித்ததை வைப்பார். வைக்கக்கூடாது என்றால், எண்ணூறு வருடம் கழித்தும் அந்த எழுத்தருக்கே நாம் வேலை பார்க்கிறோம். அடிக்குறிப்பு போட்டிருக்கலாம். அது எனக்கு அந்த மாலையில் தோன்றவே இல்லை. அச்சகத்துக்கு மறுநாள் ஃபைல் போகவேண்டும், சார் போனில் இருந்தார், நான் அவள் பெயரைச் சொன்னேன்.

போனை வைத்ததும் ஃபைலைத் திறந்து, 'நல்ல மனிதர்' என்று தேடி, 'பதிதர்' என்று மாற்றச் சொன்னேன். 112 இடங்கள் மாறின என்று திரையில் வந்தது. அந்த எழுத்தர் ஒவ்வொரு இடத்திலும் இறகை மையில் தோய்த்து எழுதியிருக்கவேண்டும். எனக்கு ஒரு பொத்தான் போதுமாக இருந்தது.

மறுநாள் அவள் வந்தாள். சொல்லை மாற்றியதற்குக் கோபப்படுவாள் என்று நினைத்து, என்ன சொல்லவேண்டும் என்று ராத்திரியெல்லாம் தயார் செய்து வைத்திருந்தேன். ழான் திஸ்ஸெய்ர் கதையைத்தான் முதலில் எடுப்பதாக இருந்தேன். 1230களில் துலூஸில் இருந்த ஒரு உழைப்பாளி. விசாரணைக்கு இழுத்தபோது தெருவில் நின்று கத்தினார்: "ஐயாமாரே, கேளுங்கள்! நான் பதிதன் இல்லை. எனக்குப் பெண்டாட்டி இருக்கிறாள், அவளோடு படுக்கிறேன், பிள்ளைகள் இருக்கிறார்கள், இறைச்சி சாப்பிடுகிறேன், பொய் சொல்கிறேன், சத்தியம் செய்கிறேன், நான் நல்ல கிறிஸ்தவன்!" அந்தத் தெருவுக்குப் புரிந்த பதிதன் வேறு. குற்றப் பத்திரிகையில் இருந்த பதிதன் வேறு. ஊர் அவர் பக்கம் நின்றது. ஆனாலும் ஆயரின் சிறைக்குப் போனார். உள்ளே, லவோர் என்ற ஊரிலிருந்து பிடித்துக் கொண்டுவந்த நல்ல மனிதர்களோடு இருந்து, கடைசியில் அவர்கள் வழியை ஏற்று, அவர்களோடு சேர்ந்து எரிந்தார்.

'பதிதர் என்பதை எல்லாம் மாற்றிவிட்டால் இந்தக் கூச்சல் என்ன ஆகும்? நான் நல்ல மனிதன் இல்லை என்று அவர் கத்துவதாக ஆகிவிடாதா?' என்று கேட்கலாம் என்றிருந்தேன். காலையில் அந்தப் பக்கத்தைத் திறந்து பார்த்தேன். அந்த இடத்தில் அவள் 'பதிதன்' என்றே போட்டிருந்தாள். அவர் வாய்க்குள் அந்தச் சொல் எப்படி வந்ததோ அப்படியே விட்டிருந்தாள். அவள் ஒவ்வொரு வாயையும் பார்த்து முடிவெடுத்திருக்கிறாள். பார்க்காமல் மாற்றியது நான்.

அவளோ சொல்லைப் பற்றிப் பேசவே இல்லை.

"மாத்தினது பரவாயில்லைக்கா. சார் கேட்டப்ப என்ன சொன்னீங்க?"

"யாரு செஞ்சதுன்னு கேட்டார். நீன்னு சொன்னேன்."

"சரிக்கா."

அவ்வளவுதான். அந்த 'சரிக்கா'வை நான் பல விதமாகச் சொல்லிப் பார்த்திருக்கிறேன். உண்மையிலேயே சரி என்று நினைத்தாளா? "நீங்களும் பார்த்தீங்களே" என்று சொல்ல வந்து நிறுத்திக்கொண்டாளா? நிறுத்தியது என் மேல் உள்ள மரியாதையால் என்றால் அது எனக்கு இன்னும் கனமாக இருக்கிறது. அன்றைக்கு நான் ஒரு வாக்கியம் சேர்த்துச் சொல்லியிருக்கலாம், "நானும் ஒத்துக்கிட்டதுதான்னு சாருக்குச் சொல்லிடறேன்" என்று. சொல்லவில்லை. அவள் பையை எடுத்துக்கொண்டு போகும்வரை லேஅவுட்டில் ஏதோ தேடுகிறவள் போல உட்கார்ந்திருந்தேன்.

அடுத்த நூலுக்கு அவளைக் கூப்பிடவில்லை. அந்த முடிவு என்னுடையதில்லை. என்னைக் கேட்டிருந்தால் கூப்பிடச் சொல்லியிருப்பேன் என்று நம்புகிறேன். ஆனால் கேட்காமலே போய்ச் சொல்லியிருக்கலாமே என்ற இடத்துக்கு வந்ததும் அந்த நம்பிக்கை தேய்ந்துபோகிறது.

துலூஸோடு இதை ஒப்பிடுவது அதிகப்படி என்று எனக்கே தெரியும். அங்கே நெருப்பு இருந்தது. மோன்செகூர் என்ற மலைக்கோட்டை அருகே 1244 மார்ச்சில் நல்ல மனிதர்களும் பெண்களுமாக 200க்கும் மேற்பட்டவர்களை ஒரே நாளில் எரித்தார்கள். அந்த நினைவு ஆறுவதற்குள்தான் இந்த மக்கள் சேன் செர்னானுக்கு நடந்து வந்தார்கள். என்முன்னே இருந்தது ஒரு போன்.

ஆனால் விசாரணையாளர் பெர்னார் 1246இல் விதித்து இன்று நமக்குக் கிடைத்திருக்கும் தீர்ப்புகளைப் பார்த்தால், 207 பேரில் யாரும் நெருப்புக்குப் போகவில்லை. 23 பேருக்குச் சிறை. 184 பேருக்கு, உடுப்பில் தைத்துக்கொள்ள மஞ்சள் துணிச் சிலுவை. தன் ஊரிலேயே, தன் தெருவிலேயே அதோடு நடமாடவேண்டும். அப்படி ஒருவருக்கு யார் வேலை கொடுப்பார்கள், யார் பெண் கொடுப்பார்கள்? இதை மெய்ப்புத் திருத்தும்போது வெறும் எண்ணாகத்தான் படித்தேன். இப்போது படிக்க முடியவில்லை.

அதே அத்தியாயத்தில் ஒரு கிழவி வருகிறாள். 1234 ஆகஸ்ட். டொமினிக்கன் சபையைத் தொடங்கிய டொமினிக்கைப் புனிதராக அறிவித்த பிறகு துலூஸில் அவருக்கு முதல் திருநாள். பூசை முடிந்து ஆயர் ரேமோனும் துறவிகளும் சாப்பிடக் கை கழுவுகிற நேரம். ஊரிலிருந்து ஒருவர் வந்து, பக்கத்துத் தெருவில் காய்ச்சலில் கிடக்கும் ஒரு பெண் பதிதர்களிடம் தீட்சை பெற்றிருக்கிறாள் என்று சொல்கிறார். ஆயர் நேரே அவள் படுக்கைக்குப் போகிறார். "ஆயர் வருகிறார்" என்று யாரோ அவளிடம் சொல்ல, நல்ல மனிதர்களுக்கும் ஆயர்கள் உண்டே, தங்கள் ஆயர்தான் வந்திருக்கிறார் என்று அவள் நினைத்துக்கொள்கிறாள். ஆயர் பக்கத்தில் உட்கார்ந்து கனிவாகப் பேச, மனதில் உள்ளதையெல்லாம் சொல்லிவிடுகிறாள். கட்டிலோடு தூக்கிக்கொண்டு போய் எரித்தார்கள். துறவிகள் திரும்பி வந்து கடவுளுக்கு நன்றி சொல்லிச் சாப்பிட்டார்கள். எழுதி வைத்தது கியோம் பெலிசோன், அதே சபைத் துறவி. வெட்கப்பட்டு எழுதவில்லை.

முதலில் படித்தபோது என் கோபமெல்லாம் அந்த ஆயர் மேல் இருந்தது. இப்போது ஊரிலிருந்து வந்து சொன்ன அந்த ஒருவரைப் பற்றித்தான் யோசிக்கிறேன். அவர் கெட்டவராக இருக்கவேண்டும் என்று அவசியமில்லை. தெரிந்ததைச் சொன்னார். அதுவும் பொய்யில்லை. சொல்லிவிட்டு அவரும் வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டிருப்பார். ராத்திரி தூங்கினாரா? 'கூட யார் யார் இருந்தார்கள்' என்ற கேள்விக்குப் பலர் இறந்துபோனவர்களின் பெயரையும் ஓடிப்போனவர்களின் பெயரையுமே சொன்னார்கள். அதில் ஒரு சாமர்த்தியம் மட்டுமல்ல, ஒரு கருணையும் இருந்தது என்று இப்போது படுகிறது. என்னை யாரும் மிரட்டவில்லை, இருந்தும் உயிரோடு எதிர் நாற்காலியில் உட்கார்ந்து வேலை செய்கிறவளின் பெயர் என் வாயில் வந்தது.

அவளுக்கு போன் பண்ணலாம் என்று நம்பரை எடுப்பேன். என்ன சொல்ல? மன்னிப்புக் கேட்டால் "அதெல்லாம் ஒண்ணுமில்லக்கா" என்பாள். அதைக் கேட்கத்தான் போன் பண்ணுகிறேனோ என்று சந்தேகம் வந்து வைத்துவிடுவேன்.

போன மாதம் இரண்டாம் பதிப்புக்காகப் பிழைகளைப் பட்டியல் போட்டேன். 143ஆம் பக்கத்தில், ரொட்டியும் மீனும் கொண்டுபோய்க் கொடுத்த ஒரு பெண்ணின் வாக்குமூலத்தில், 'நல்லமனிதர்' என்று ஒன்று அப்படியே நிற்கிறது. நடுவில் இடைவெளி விடாமல் அவள் சேர்த்துத் தட்டியிருக்கிறாள், தேடலில் சிக்கவில்லை. மூன்று முறை அந்த வரியைப் படித்தேன். பட்டியலில் பதினாறு பிழைகள் இருந்தன. இதைச் சேர்க்காமல் சாருக்கு அனுப்பிவிட்டேன்.