மூன்றாம் பட்டியல்

1980 தை மாதம் பள்ளிக்கூடச் சிற்றாலயத்தில் பாடகர் குழுவுக்குக் குரல் பார்த்த நாளை என் வகுப்புத் தோழர்கள் மறந்திருக்கமாட்டார்கள். மியூசிக் மாஸ்டர் ஹார்மோனியத்தின் முன்னால் இருந்து ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். பாடி முடித்ததும் ஒன்றும் சொல்லாமல் தன் சீ. ஆர். கொப்பியில் குறித்துக்கொண்டார். கடைசியில் எழுந்து நின்று மூன்று பட்டியல்களை வாசித்தார்: பாடக்கூடியவர்கள், இனிமேல் பாடக்கூடியவர்கள், பாட வராதவர்கள். மூன்றாம் பட்டியலில் முதல் பெயர் என்னுடையது.

அதற்கு முந்திய ஒளி விழாவில், பள்ளிக்கூடத்துக் கிறிஸ்மஸ் பாடல் விழாவில், தனியாகப் பாடியவன் நான். அண்ணன் அதே குழுவில் ரெனர் வரிசையில், ஆண்களின் மேற்குரலில், நின்றான். எனக்குப் பதின்மூன்று வயது, குரல் உடைந்துகொண்டிருந்தது. குரல் பார்த்த அன்று மேல் சுரத்துக்குப் போனபோது என் தொண்டையிலிருந்து வந்த சத்தத்துக்குப் பின்வரிசையில் எழுந்த சிரிப்பு இன்றைக்கும் என் காதில் இருக்கிறது. அண்ணன் சிரிக்கவில்லை. தலையைக் குனிந்துகொண்டான். அதுதான் எனக்கு அதிகம் வலித்தது.

மறுநாள் மாலை மாஸ்டர் என்னைக் கூப்பிட்டுவிட்டார். சிற்றாலயத்தின் பக்கத்து அறையில் மேசை நிறையத் தாள்கள்.

"உன்னுடைய கையெழுத்து நல்லது என்று தமிழ் மாஸ்டர் சொல்கிறார். படி எழுதுவாயா?"

நான் பதில் சொல்லவில்லை. அவர் என்னை இருக்கச் சொல்லி, யோஹான் செபஸ்ரியன் பாஹ் என்ற ஜேர்மன் இசையமைப்பாளரைப் பற்றிச் சொல்லத் தொடங்கினார். பத்து வயதுக்குள் தாயையும் தகப்பனையும் இழந்து மூத்த தமையனின் வீட்டில் வளர்ந்த பையன். 1700ஆம் ஆண்டு, பதினைந்து வயதில், எர்ட்மன் என்ற பள்ளித் தோழனுடன் வடக்கே லூனெபுர்க் என்ற ஊருக்குப் படிக்கப் போனான். ஏழைப் பையன்களுக்கு நல்ல குரல் இருந்தால் அங்கே இலவசமாக இடம் கிடைக்கும். போய்ச் சேர்ந்து கொஞ்சக் காலத்திலேயே குரல் உடைந்துவிட்டது.

"பிறகு?" என்று கேட்டேன்.

"பிறகு என்ன, அவன் பாஹ் ஆனான்" என்றார் மாஸ்டர்.

அன்றைக்குத்தான் அந்தப் பேனையையும் என் கையில் தந்தார். பனஞ்சலாகைத் துண்டொன்றில் குமிழ்முனைப் பேனையின் மைக்குழாய் ஐந்தைச் சம இடைவெளியில் வைத்து நூலால் இறுக்கிக் கட்டியிருந்தார். அடிமட்டத்தை ஒட்டி ஒரே இழுப்பில் இழுத்தால் ஐந்து கோடுகளும் விழும். நடுக்குழாய்தான் எப்போதும் முதலில் வற்றும். அந்தக் கோடு பாதியில் அறுந்தால் தனிப் பேனையால் சேர்க்க வேண்டும், சேர்த்த இடம் தெரியக் கூடாது. ரோனியோ என்ற படியெடுக்கும் இயந்திரத்தில் அடித்தால் சுரக்குறிகள் கலங்கிவிடும் என்று அவர் அதற்கு ஒருநாளும் சம்மதித்ததில்லை. கார்த்திகை மழையில் தாள் ஈரம் குடித்து மை பரவும்போது, தாள்களை ஹார்மோனியத்துக்குள் வைத்து மூடுவோம். கோடு என்னுடையது, சுரம் அவருடையது. இரண்டாம் வருடத்திலிருந்து சுரத்தையும் என்னிடம் விட்டார்.

அந்த மூன்று பட்டியல்கள் எங்கிருந்து வந்தன என்பது அந்த அறையில்தான் தெரிந்தது. 1730 ஆவணியில் பாஹ் லைப்சிக் நகரசபைக்கு ஒரு விண்ணப்பம் எழுதினார். தோமஸ் பாடசாலையில் தன்னிடம் இருக்கும் பையன்களை அதில் எண்ணிக் காட்டினார்: உதவக்கூடியவர்கள் 17, இன்னும் தேற வேண்டியவர்கள் 20, ஒன்றுக்கும் உதவாதவர்கள் 17. இவர்களை வைத்துத்தான் அவர் ஞாயிறுதோறும் நகரத்தின் தேவாலயங்களில் பாடுவிக்க வேண்டியிருந்தது. லைப்சிக்கில் முதல் சில ஆண்டுகள் கிட்டத்தட்ட வாரத்துக்கு ஒரு புதுப்படைப்பு எழுதினார். அவற்றைக் குரல் குரலாகப் பிரித்துப் படியெடுத்தவர்கள் அந்தப் பாடசாலைப் பையன்களும் அவருடைய வீட்டாருந்தான்.

பாஹை நான் ஒரு மேதையாக அறிந்துகொள்ளவில்லை, ஒரு பள்ளிக்கூட மாஸ்டராகவே அறிந்துகொண்டேன். 1722இல் தோமஸ் பாடசாலையின் இசை மாஸ்டர் வேலைக்கு லைப்சிக் சபை முதலில் தேடியது டெலிமான் என்ற இசையமைப்பாளரை. அவர் ஹம்பர்க்கிலேயே தங்கிவிட்டார். அடுத்துத் தேடிய கிராப்னர் என்ற இசையமைப்பாளரை அவருடைய பிரபு விடவில்லை. அதன் பிறகுதான், 1723இல், பாஹ். நகரத் தலைவரின் அனுமதியின்றி ஊரைவிட்டு வெளியேறுவதில்லை என்று கையெழுத்திட்டுக் கொடுத்தார். அதற்கு முன் வைமாரில், வேறு பிரபுவிடம் போக விடுதலை கேட்டுப் பிடிவாதம் பிடித்ததற்காக 1717இல் நான்கு வாரம் சிறையில் இருந்தவர் அவர். 1730 ஐப்பசியில் அதே எர்ட்மனுக்கு, பழைய பள்ளித் தோழனுக்கு, ஒரு கடிதம் எழுதினார். லைப்சிக்கில் செலவு அதிகம், மேலிடத்துக்கு இசையில் அக்கறை இல்லை, காற்று நன்றாக வீசினால் சாவு குறைகிறது, மரணச் சடங்கு வருமானத்தில் போன வருடம் மட்டும் அந்தக் கால நாணயத்தில் 100 தாலருக்கு மேல் நட்டம் என்று. இந்த இடத்தில் மாஸ்டர் வாய்விட்டுச் சிரிப்பார். அவரும் மரண வீடுகளில் ஹார்மோனியம் வாசித்துத்தான் பிள்ளைகளைப் படிப்பித்தார். அது எங்களுக்கு அப்போது உறைக்கவில்லை.

1982 மார்கழியாக இருக்க வேண்டும். பெரிய வெள்ளியன்று நம் தேவாலயங்களில் பாடும் அந்த மெட்டை மாஸ்டர் வாசித்துக் காட்டினார். "இது ஒளி விழாவுக்கு" என்றார். நாங்கள் திகைத்துப்போனோம். பாஹ் 1734இல் எழுதிய கிறிஸ்மஸ் இசைப்படைப்பின் முதல் பாகத்தில், பிறக்கப்போகும் பிள்ளையை எப்படி வரவேற்பேன் என்று கேட்கும் பாட்டுக்கு, சிலுவைப் பாடலின் அதே மெட்டைத்தான் வைத்திருக்கிறார். ஆதியில் அது ஹஸ்லர் என்பவர் இயற்றிய காதல் பாட்டு என்பதையும் சொன்னார். நான்கு குரல்களும் முதல் தடவை சேர்ந்தபோது நான் பாஸ் வரிசையில், ஆண்களின் கீழ்க்குரலில், நின்றேன். குரல் ஊன்றிவிட்டதென்று அந்த வருடந்தான் மாஸ்டர் என்னை மறுபடி சேர்த்திருந்தார். அண்ணனுக்கு அது கடைசி ஒளி விழா. என் காலடியிலிருந்து ஏதோ எழுந்து முழங்கால்வரை அதிர்ந்தது. அதைப் போன்ற ஒன்றை அதற்குப் பிறகு நான் உணர்ந்ததில்லை.

83 ஆடிக் கலவரத்துக்குப் பிறகு வரிசைகள் குறையத் தொடங்கின. ஒரு தவணை விடுமுறை முடிந்து வந்தால் இரண்டு ரெனர் இருக்காது. யாரும் சொல்லிக்கொண்டு போவதில்லை, சொல்லவும் முடியாது. மாஸ்டர் மிஞ்சிய குரல்களுக்கு ஏற்றபடி மாற்றி எழுதுவார், நான் கோடு போடுவேன்.

அந்தக் காலத்தில்தான் அவர் ஹன்டெல் என்ற இன்னொரு இசையமைப்பாளரைப் பற்றிப் பேசினார். அதுவரை எங்களுக்குப் பாஹ் கதைதான். வேறு நாட்டுக்குக் குடிபெயராமல், படித்த ஊர்களையும் வேலை பார்த்த ஊர்களையும் சுற்றியே வாழ்ந்து முடித்தவரின் கதை. ஹன்டெல் அதே 1685இல் ஹாலே நகரில் பிறந்தவர். பதினெட்டு வயதில் ஊரைவிட்டுப் புறப்பட்டு, ஹம்பர்க், பிறகு இத்தாலி, 1710இல் லண்டன். 1727இல் பிரித்தானியக் குடியுரிமை பெற்றார். 1730 முடிவில் ஹாலேயில் தாய் இறந்தபோது அவர் லண்டனில் இருந்தார். சாகும்போது மெசாயா என்ற தன் இசைப்படைப்பின் முழுப் பிரதியையும், குரல் குரலாகப் படியெடுத்த தாள்களையும், கைவிடப்பட்ட குழந்தைகளுக்கான லண்டன் மனையொன்றுக்கு எழுதிவைத்தார்.

"போனவனும் கெட்டுப்போகவில்லை" என்றார் மாஸ்டர். பிறகு கொஞ்ச நேரம் ஒன்றும் பேசாமல் இருந்துவிட்டு, "தொடங்குவோம்" என்றார்.

அவர் எங்களுக்கு விடைகொடுத்துக்கொண்டிருந்தார் என்பது அன்று எனக்குப் புரியவில்லை.

1985இல் நானும் போனேன். எனக்கும் பதினெட்டு வயது. மொஸ்கோ வழியாகக் கிழக்கு பேர்லினில் இறங்கி, ரயில் ஏறி மேற்குக்கு வந்த ஆயிரக்கணக்கானவர்களில் நானும் ஒருவன். பாஹின் லைப்சிக் அங்கிருந்து இரண்டு மணி நேரப் பயணம். எனக்கு அப்போது அந்த நினைவே இல்லை. பிறகு அகதி விண்ணப்பம் முடியும்வரை மாவட்ட எல்லையைத் தாண்ட அனுமதி கிடையாது. பிறகு வேலை, கலியாணம், பிள்ளைகள். மாஸ்டருக்கு நான் எழுதவில்லை. 95இல் போரால் ஊரே இடம்பெயர்ந்ததும் எழுத முகவரியும் இல்லாமல் போயிற்று. பதிலில்லாமல் போன கடிதம் என்று சொல்லிக்கொள்ள ஒன்றாவது இருந்திருக்கலாம்.

1998இல் லைப்சிக் போனேன். தோமஸ் தேவாலயத்தின் பீடத்தின் முன் வெண்கலத் தகடு, அதில் பெயர் மட்டும். பக்கத்தில் இருந்த பழைய பாடசாலைக் கட்டடத்தை 1902இலேயே இடித்துவிட்டார்கள். உள்ளே பையன்கள் பாடிப் பழகிக்கொண்டிருந்தார்கள். ஒருவனுக்குக் குரல் பிசகியது, நடத்துபவர் நிறுத்தினார். நான் வெளியே வந்துவிட்டேன்.

பல வருடம் கழித்து மாஸ்டரின் தொலைபேசி இலக்கம் கிடைத்து இரண்டு முறை பேசினேன். இரண்டு முறையும் அவர் கேட்டது ஒன்றுதான்: "இப்போது எங்கேயாவது பாடுகிறாயா?" இல்லை என்றேன். இங்கே ஜேர்மனியின் வூப்பர்டாலில் என் வீட்டுக்கு எதிரேயே தேவாலயம் இருக்கிறது, வியாழன்தோறும் பாடகர் குழு கூடுகிறது. அதை அவரிடம் சொல்லவில்லை.

சென்ற வருடம் மாஸ்டர் காலமானார். மரணச் சடங்கெல்லாம் முடிந்து சில மாதங்களில் அவருடைய மகள் அவரவர் தாள்களை அவரவருக்கு அனுப்பிவைத்தா. எனக்கு ஒரு உறை வந்தது. அந்த மார்கழி மெட்டின் பாஸ் குரல், 1985 என்று மூலையில் மாஸ்டரின் எழுத்தில். கோடுகள் நான் போட்டவை. மூன்றாவது கோட்டில், மை வற்றி நான் சேர்த்த இடம் இப்போது நன்றாகத் தெரிகிறது. மேலே என் பெயர்.

நாம் எல்லாரும் தாளை நடுவில் மடித்துத்தான் கையில் பிடிப்போம். அந்தத் தாளில் மடிப்பு இல்லை.