சஷ்டிக்கு முன்னும் பின்னும் ஒரு சட்டி

19 அக்டோபர் 2025, ஞாயிறு

சிங்கப்பூர் தேக்கா சந்தையில் காலை ஆறரைக்கே கால் வைக்க இடமில்லை. ஆட்டுக்கறி இரண்டு கிலோ, தொடையும் நெஞ்செலும்பும் கலந்து. கறிக்கடை பாய் கத்தியைக் கீழே வைத்துவிட்டு, "அம்மா வரலையா?" என்றார். "அடுத்த தடவ வருவாங்க பாய்." அவர் ஒன்றும் பேசாமல் இன்னும் நாலு எலும்பை எடுத்துப் போட்டுக் கட்டினார். அதற்குக் காசு வாங்கவில்லை.

நாங்கள் மூன்று பேர், மகன் ராணுவ முகாமிலிருந்து வந்தால் நான்கு. இரண்டு கிலோ எதற்கு என்று இவர் கேட்டார். தீபாவளிக் கறி மிஞ்ச வேண்டும். மிஞ்சினால்தான் மறுநாள் சட்டி அடுப்பில் ஏறும். அம்மா இருந்திருந்தால் மூன்று கிலோ வாங்கியிருப்பார்.

'இருந்திருந்தால்' என்று எழுதிவிட்டேன். வீட்டில் இருந்திருந்தால். ஆஸ்பத்திரியில் இருக்கிறார்.

20 அக்டோபர், திங்கள். தீபாவளி

நாலரைக்கு எழுந்து என் தலையில் நானே எண்ணெய் வைத்துக்கொண்டேன். ஐம்பத்திரண்டு வயதில் முதல் தடவை.

பத்து மணிக்கு வார்டு. புதுச் சேலையை அம்மாவின் மடியில் விரித்தேன். இடது கையால் சரிகையைத் தடவினார். தட்டில் மூன்று உருண்டை: ஆரஞ்சு, பச்சை, பழுப்பு. விழுங்கச் சிரமப்படுகிறவர்களுக்கான நாலாம் நிலைச் சாப்பாடு, ஒரு கட்டிகூட இல்லாமல் அரைத்தது. பழுப்பு கோழியாம். மூன்று கரண்டி வாங்கிக்கொண்டு வாயை மூடிக்கொண்டார். தண்ணீரும் மாவு கலந்து கெட்டியாக்கினதுதான். அதைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்.

பிறகு என் கையைப் பிடித்து மூக்கருகே கொண்டுபோனார். சோப்பு போட்டுக் கழுவியும் மசாலா வாசம் போகவில்லை. "கய்" என்றார். நர்ஸ் என்னைப் பார்த்தார். கறி என்கிறார் என்று சொன்னேன்.

இரவு. வந்தவர்கள் ஒரு மணி நேரத்துக்கு மேல் உட்காரவில்லை. மிஞ்சியது: ஆட்டுக்கறிப் பிரட்டல் முக்கால் பாத்திரம், கோழிக் குழம்பு, எலும்பு போட்ட தால்ச்சா, கத்திரிக்காய்ப் பச்சடி, பிரியாணி ஒரு பெரிய தட்டு. பிரியாணி நண்பகலிலிருந்து ஆறு மணி வரை மேசையில் மூடியபடியே இருந்தது. அதைக் கொட்டிவிட்டேன். சமைத்த சோறு வெளியே கிடந்தால் அதிலிருக்கும் கிருமி விஷம் வைக்கும், திரும்பச் சூடாக்கினாலும் அந்த விஷம் சாகாது. போன வருஷம் வரை இதையெல்லாம் யோசித்ததில்லை. இப்போது நாலு மணி நேரம் என்றால் நாலு மணி நேரம்தான். பாஸ்மதி அரிசி, நெய், முந்திரி எல்லாம் குப்பைக் குழாயில் விழுந்த சத்தம் இன்னும் காதில் இருக்கிறது.

குழம்புகளை எல்லாம் ஒரு மணிக்கே ஐஸ்பெட்டியில் வைத்திருந்தேன். அவை தப்பின.

21 அக்டோபர், செவ்வாய்

லீவு போட்டேன். சுண்டக்கறி வைக்கத்தான் லீவு என்று யாரிடமும் சொல்லவில்லை.

அம்மா பிறந்தது செம்பவாங் கடற்படைத் தளத்துக் குடியிருப்பில். தாத்தாவுக்கு அங்கே வேலை. வரிசை வீடு, ஐஸ்பெட்டி கிடையாது. தீபாவளி மறுநாள் ஒவ்வொரு வீட்டிலும் மிஞ்சின கறி, மிஞ்சின குழம்பு, கூட்டு, பொரியல் எல்லாம் ஒரே மண்சட்டியில் இறங்கும். அதுதான் சுண்டக்கறி. காலையில் ஒரு கொதி, ராத்திரி ஒரு கொதி. இரண்டாம் நாள் நிறம் கறுக்கும். மூன்றாம் நாள் கரண்டி நிற்கும். கெட்டுப்போகாமல் அத்தனை நாள் காத்தது அந்தக் கொதிதான். புளியும் உப்பும் மிளகாயும் துணை. எந்த வீட்டுச் சட்டி எப்படி மணக்கிறது என்று நடைபாதையில் போகும்போதே தெரியும் என்பார்.

கடைசியில், சட்டி காலியானதும், அடியில் பிடித்திருக்கும் கருகலில் ஒரு பிடி சுடுசோறு போட்டுத் துடைத்து உருட்டிச் சாப்பிடுவார். எங்களுக்கு அதில் பங்கு கிடையாது. வருஷம் முழுக்க எல்லாருக்கும் கொடுத்துவிட்டுக் கடைசியாகச் சாப்பிடும் மனுஷி, அந்த ஒரு பிடியை மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டார்.

சட்டியைக் கழுவி அடுப்பில் வைத்தேன். முதலில் பிரட்டல், அது கொதித்ததும் கோழிக் குழம்பு, பிறகு தால்ச்சா. எலும்பை எடுத்துவிட்டுச் சதையைத் தள்ளினேன். கத்திரிக்காய் கடைசியில். எலுமிச்சை அளவு புளி. மிதமான தீயில் இரண்டேகால் மணி நேரம். எண்ணெய் பிரிந்து ஓரத்தில் நின்றது. அடி பிடிக்க ஆரம்பித்ததும் வரும் அந்த வாசம் வந்தபோது நான் அடுப்பங்கரையிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

நாளைக்குக் கந்த சஷ்டி தொடக்கம். சட்டி சஷ்டிக்கு முன்னால் காலியாக வேண்டும் என்பது அம்மாவின் சட்டம். ஆறு நாளும் வீட்டில் அசைவம் இருக்கவே கூடாது, ஐஸ்பெட்டியில்கூட. பாதியை மத்தியானம் நாங்களே சாப்பிட்டோம். மீதியை என்ன செய்வது? கொட்ட மாட்டேன். இது அம்மாவுக்கு.

பக்கத்து வீட்டு மலாய் அம்மா மக்சிக்கிடம் போனேன். முப்பது வருஷப் பழக்கம். எங்கள் கறி பாய் கடைக் கறி என்பது அவருக்குத் தெரியும். எங்கள் அடுப்பில் பன்றி ஏறியதே இல்லை என்பதும் தெரியும். நான் முழுசாகச் சொல்வதற்குள் உறைபெட்டியில் இருந்த மீன் பொட்டலங்களை ஒதுக்கி இடம் செய்துவிட்டார். நாலு டப்பா. மேலே என் கையெழுத்தில் தேதி.

22 அக்டோபர், புதன்

சஷ்டி முதல் நாள். வீட்டில் கறி வாசம் இன்னும் இருக்கிறது. ஜன்னல் எல்லாம் திறந்து சாம்பிராணி போட்டேன்.

23 அக்டோபர், வியாழன்

அம்மா கேட்ட முதல் முழு வாக்கியம்: "சட்டி கழுவிட்டியா?" கழுவிவிட்டேன், மிச்சக் கறி மக்சிக் வீட்டில் இருக்கிறது என்றேன். கண்ணை மூடித் திறந்தார். சரி என்று அர்த்தம்.

இரண்டு மாதம்கூட ஆகவில்லை, சட்டி கழுவினேனா என்று தினமும் கேட்டுக்கொண்டே இருந்தவர். அப்போதெல்லாம் எனக்குக் கோபம் வரும்.

24 அக்டோபர், வெள்ளி

ஐந்து!

பேரியம் கலந்ததை விழுங்கச் சொல்லி எக்ஸ்ரேயில் ஓட விட்டுப் பார்த்தார்கள். மூச்சுக்குழாய்ப் பக்கம் போகவில்லை. பேச்சு சிகிச்சையாளர் ஒரு சின்னப் பெண், என் மகளைவிட மூன்று நாலு வயது கூட இருப்பாள். திரையில் அம்மாவின் தொண்டையைக் காட்டி விளக்கினாள். இனிமேல் ஐந்தாம் நிலை: பொடியாக நறுக்கியது, ஈரமானது. பெரியவர்களுக்குத் துண்டு 4 மில்லிமீட்டருக்கு மேல் போகக் கூடாது. முள்கரண்டியின் பல்லிடுக்கு அந்த அளவுதானாம். அழுத்தினால் இடுக்கு வழியாக வர வேண்டும், கரண்டியில் குவித்தால் நிற்க வேண்டும், சாய்த்தால் ஒட்டாமல் வழுக்கி விழ வேண்டும், தண்ணீர் தனியாகப் பிரிந்து வடியக் கூடாது. உதிரியான சோறு கூடாது, பசையாக ஒட்டும் சோறும் கூடாது. மொறுமொறு எதுவுமே கூடாது.

வீட்டுச் சாப்பாடு கொண்டுவரலாமா என்று கேட்டேன். கொண்டுவாருங்கள், கொடுப்பதற்கு முன்னால் எனக்குக் காட்டுங்கள் என்றாள். சுண்டக்கறி என்றால் என்ன என்று அவளுக்கு நான் விளக்கியது பத்து நிமிஷம். எழுதிக்கொண்டாள்.

பேருந்தில் வரும்போது எனக்குத் தோன்றியது இதுதான். கொதித்துக் கொதித்துச் சதை நூலாகப் பிரிந்து, காய் கரைந்து, குழம்பு கெட்டியாகி எல்லாம் ஒன்றாகிவிட்ட கறி. இவள் கேட்பதும் கிட்டத்தட்ட அதுதானே!

25 அக்டோபர், சனி

சோறு கிடையாது என்றால் எதோடு கொடுப்பது? மகள் சொன்னாள்: உருளைக்கிழங்கு. கறியை அடியில் பரப்பி, மசித்த கிழங்கை மேலே மூடி, கண்ணாடித் தட்டில் ஓவனில் வைத்தால் கேசரோல். நாளைக்கும் சேர்த்து வரும்.

எனக்கு முதலில் பிடிக்கவில்லை. சுண்டக்கறி சட்டியில் இருக்க வேண்டியது. ஆனால் அவள் சொல்வதில் நியாயம் இருந்தது. தட்டோடு மூடி எடுத்துப்போகலாம், நடுவரை ஒரே சீராகச் சூடேறும், ஈரமும் காயாது.

சஷ்டி என்பதால் பரங்கிக்காயும் பாசிப்பருப்பும் வைத்து ஒத்திகை பார்த்தோம். 180 டிகிரி, முப்பது நிமிஷம். மகன் முகாமிலிருந்து வந்திருந்தான், மொட்டைத் தலையோடு. மேலே பொன்னிறமாக முறுகியிருந்த கிழங்கை அவனும் அவன் தங்கையும் சுரண்டிச் சாப்பிட்டார்கள். நான் அந்த முறுகலையே பார்த்துக்கொண்டிருந்தேன். அது அம்மாவின் தொண்டையில் சிக்கும். அடுத்த தட்டுக்கு அலுமினியத் தாளைப் போட்டு இறுக்கி மூடினேன். முறுகவில்லை. முள்கரண்டியால் அழுத்தினேன். இடுக்கு வழியே வந்தது.

கிழங்கை மிக்சியில் அடிக்கவே கூடாது, பசையாகிவிடுகிறது. சூட்டோடு கையால் மசித்து, பாலும் வெண்ணெயும் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்த்தால் சரியாக வருகிறது.

26 அக்டோபர், ஞாயிறு

தம்பி மெல்பர்னிலிருந்து கூப்பிட்டான். ஆஸ்பத்திரிச் சாப்பாடு பத்திரம்தானே, எதற்கு வீணாக ஆபத்து என்கிறான். பதில் சொல்லாமல் வைத்துவிட்டேன். அம்மா ஒரு வாரத்தில் ஒன்றரைக் கிலோ இளைத்திருக்கிறார். அவன் வந்து அந்தக் கையைத் தொட்டுப் பார்க்கட்டும்.

27 அக்டோபர், திங்கள்

சூரசம்ஹாரம். வேலை முடிந்து டேங்க் ரோட்டு முருகன் கோவிலுக்குப் போனேன். கூட்டத்தில் அம்மா வழக்கமாக நிற்கும் தூணோரம் போய் நின்றுகொண்டேன். தம்பிக்கு மன்னிப்புக் கேட்டு ஒரு செய்தி அனுப்பினேன். அழும் முகம் ஒன்றை அனுப்பினான். அவனும் பயந்துபோய்த்தான் இருக்கிறான்.

28 அக்டோபர், செவ்வாய்

திருக்கல்யாணம். ராத்திரி மக்சிக் வீட்டிலிருந்து இரண்டு டப்பா வாங்கி எங்கள் ஐஸ்பெட்டிக் கீழ்த்தட்டில் வைத்தேன். மெதுவாக உருகட்டும். வெளியே வைத்து உருக்கக் கூடாது.

29 அக்டோபர், புதன்

விடியற்காலை மூன்றரைக்கு எழுந்தேன்.

கறியை வெள்ளைத் தட்டில் கரண்டி கரண்டியாகப் பரப்பி, மேசை விளக்கை இழுத்து வைத்துக்கொண்டு பொறுக்கினேன். கறிவேப்பிலை இருபத்தேழு. கிராம்பு ஐந்து. ஏலக்காய்த் தோல் மூன்று. பட்டைச் சிம்பு, ஒரு நட்சத்திர சோம்பின் இதழ். கத்திரிக்காய்த் தோல் சுருண்டு சுருண்டு கிடந்தது, ஒவ்வொன்றாக உருவினேன். கடுகைத் தனித்தனியாக எடுக்க முடியவில்லை, சல்லடையில் தேய்த்தேன். அரிசி மணி அளவில் ஒரு எலும்புச் சில்லு. அதை விரல் நுனியில் வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தேன். இது போயிருந்தால்?

மறுபடியும் முதலிலிருந்து பார்த்தேன்.

சதையை நாருக்குக் குறுக்கே பொடியாக நறுக்கினேன். நாரோடு நறுக்கினால் நீளமாக நிற்கிறது. குழம்போடு சேர்த்துப் பிசைந்து, தட்டில் அடுக்கி, கிழங்கை மேலே பூசி, தாளால் மூடி ஓவனில் வைத்தேன். நடுவில் வெப்பமானியைக் குத்தினால் 78 காட்டியது. 75 தாண்டினால் போதும். பெரிய வாய் ஃபிளாஸ்கில் வெந்நீர் ஊற்றிக் கொட்டி, அதில் அள்ளி அடைத்தேன்.

பேச்சு சிகிச்சையாளர் முள்கரண்டியால் அழுத்தினாள். கரண்டியைச் சாய்த்தாள், வழுக்கி விழுந்தது. தலையை ஆட்டிவிட்டு, ஒரு கரண்டி தனக்கு எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள். "உறைக்குது" என்றாள், தமிழில். அவளுக்குத் தமிழ் வரும் என்று எனக்கு இவ்வளவு நாளும் தெரியாது!

அம்மாவை நேராக உட்காரவைத்தோம். முதல் கரண்டி. மோவாய் தாழ்ந்தது, தொண்டை ஏறி இறங்கியது. நான் எண்ணிக்கொண்டிருந்தேன். இரண்டாவது. மூன்றாவதுக்கு வாயைத் தானே திறந்தார். பதினொரு கரண்டி. இருமல் இல்லை.

பிறகு ஃபிளாஸ்கை இடது கையால் தன் பக்கம் சாய்த்து உள்ளே பார்த்தார்.

"சட்டி எங்க?"

வீட்டில் இருக்கிறது அம்மா என்றேன். முகம் சுருங்கிவிட்டது. அந்த அடிக் கருகல். அந்த ஒரு பிடி.

கருகலைக் கொடுக்க முடியாது, சோறும் கொடுக்க முடியாது. ஐந்துக்கு அது ஆகாது.

30 அக்டோபர், வியாழன்

மக்சிக் வீட்டில் இன்னும் இரண்டு டப்பா இருக்கிறது. கருகல் இல்லாவிட்டாலும், மண்சட்டியிலேயே கறியும் கிழங்கும் அடுக்கி, சட்டியோடு ஓவனில் வைத்தால்? மகள் மண்சட்டி தாங்கும் என்கிறாள், குளிர்ந்த ஓவனிலேயே வைத்துச் சூடேற்ற வேண்டுமாம். அடியில் பிடித்தது பிடித்தபடி இருக்கட்டும், மேலே இருப்பதை மட்டும் அள்ளிக் கொடுத்தால் போகிறது. சட்டியை மடியில் வைத்துக்கொண்டு அவரே பார்க்கட்டும், மோந்து பார்க்கட்டும்.

சனிக்கிழமை மகன் வருகிறான். இரண்டு துண்டு சுற்றி, மார்க்கெட் பையில் வைத்து, எம்ஆர்டி ரயிலில் அவன் தூக்கி வருவான். ஒரு கைப்பிடிப் பக்கம் லேசான விரிசல் இருக்கிறது, இப்போதுதான் பார்த்தேன். தண்ணீர் ஊற்றி ராத்திரி முழுக்க வைத்துப் பார்க்க வேண்டும். கசிகிறதா என்று