சீரியல்ல இருந்தா வர்றீங்க?

சினிமா கம்பெனிகளில் எடிட்டிங் வாய்ப்புக் கேட்டு அலைந்த காலத்தில் எனக்குப் பிடிக்காத கேள்வி இதுதான். "ஆமா சார்" என்றதும் எதிரில் இருப்பவரின் சுருதி இறங்கிவிடும். ஒரு 'டும்' சத்தத்துக்கு மாமியார் முகத்தை மூன்று தடவை ஒட்டுகிற ஆள் என்று நினைப்பு. ஒட்டினேன்தான். ஏன் ஒட்டினோம் என்று எவரும் கேட்டதில்லை.

அரை மணி ஸ்லாட்டில் விளம்பரம் போகச் சுமார் 22 நிமிடம் நாம் நிரப்ப வேண்டும். ஷூட்டிங்கில் எடுத்ததெல்லாம் இருக்கும் ஹார்ட் டிஸ்க் மத்தியானம் வரும், சில நாள் பொழுது சாய்ந்துதான் வரும். அடுக்கிப் பார்த்தால் 19 நிமிடம்தான் தேறும். மீதிக்கு எங்கே போவது? முதலில் ரீகேப்பை, அதாவது முந்தைய எபிசோடின் கதைச் சுருக்கத்தை நீட்டுவோம். அப்புறம் ரியாக்‌ஷன். மருமகள் ஒரு வார்த்தை சொன்னால் மாமியார், நாத்தனார், வாசலில் நிற்கும் மாமனார் என்று ஒரு சுற்று. அதுவும் போதாவிட்டால் ஸ்லோ. ஸ்லோ செய்த ஷாட்டில் நடிகை கண் சிமிட்டினால் அதிர்ச்சி போய்த் தூக்கக் கலக்கம் மாதிரி ஆகிவிடும். அதனால் இரண்டு சிமிட்டலுக்கு நடுவில் உள்ள துண்டைத் தேடுவோம். டிவிக்கு நொடிக்கு 25 ஃபிரேம். அதில் நாற்பது ஃபிரேம் சுத்தமாகக் கிடைத்தால் கொண்டாட்டம். முகத்தைப் பார்க்க நான் கற்றது இப்படித்தான்.

எடிட்டிங் பி.லெனின், வி.டி.விஜயன் என்று டைட்டிலில் சேர்ந்து வரும் பெயர்களைப் பார்த்துத்தான் இப்படி ஒரு வேலை இருப்பதே எனக்குத் தெரியும். கடைசியில் என்னைச் சேர்த்துக்கொண்டவர் அந்த ஃபிலிம் காலத்து மனிதர். ஃபிலிமை ஓட்டிப் பார்த்து வெட்டும் ஸ்டீன்பெக் மெஷினில் உட்கார்ந்து, மஞ்சள் பென்சிலால் பிரிண்டில் கோடு போட்டு வெட்டியவர். ஆயிரம் அடி ரீல் என்றால் பதினோரு நிமிடம், அடிக்கு 16 ஃபிரேம் என்று எல்லாக் கணக்கும் விரல் நுனியில். வெட்டிய துண்டை மறுபடி தேடி ஒட்டுவது பெரும்பாடு என்பதால் யோசித்துவிட்டுத்தான் கைவைப்பாராம். "உங்களுக்கெல்லாம் கன்ட்ரோல் இசட் இருக்கு, அதான் யோசிக்கிறதே இல்ல" என்பார். ஓரளவு உண்மை. ஆனால் ஒரு சீனை ஐந்து விதமாக வெட்டிப் பார்த்துவிட்டுத் தேர்ந்தெடுக்கும் வசதியை நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

வேலைக்குப் போன அன்று அவர் கேட்டது ஒன்றுதான்: "டெலிகாஸ்ட் எத்தனை தடவை மிஸ் பண்ணின?"

"ஒரு தடவைகூட இல்ல சார்."

"சரி, நாளைக்கு வந்துடு."

ஷூட்டிங் நடக்கும் இடத்திலேயே வெட்டிப் பார்க்கும் ஸ்பாட் எடிட்டராக லொக்கேஷனுக்கு அனுப்பினார். ஜெனரேட்டர் சத்தத்துக்குப் பக்கத்தில், குடைக்குக் கீழே லேப்டாப். மகன் வீட்டை விற்றுவிட்டதாகச் சொல்கிறான், அப்பா நாலு வரி திட்டுகிறார். எடுத்த டேக்குகளில் ஒன்றில், வசனம் ஆரம்பிக்குமுன் அப்பாவாக நடித்தவர் சட்டைப் பையில் இருக்கும் மூக்குக் கண்ணாடியைத் தொட்டுப் பார்க்கிறார். கண் சிமிட்டவே இல்லை. அதோடு வெட்டி, அடுத்த சீனின் பஸ் ஹாரனை மட்டும் அவர் முகத்தின் மேல் இழுத்துவிட்டேன். நாலு வரியும் போச்சு. வசனகர்த்தாவுக்குக் கோபம். டைரக்டர் இன்னொரு தடவை ஓடவிடச் சொன்னார், படத்தில் அப்படியே நின்றது.

இப்போது வெப் சீரிஸ் வெட்டுகிறேன். எபிசோடு எங்கே முடிந்தால் அடுத்ததைத் தட்டுவார்கள் என்று பெரிய மீட்டிங் போடுகிறார்கள். தினம் ஒரு 'தொடரும்' போட்டவனுக்கு அது கஷ்டமாகத் தெரியவில்லை. நீட்டச் சொல்லி யாரும் கேட்காததுதான் இன்னும் பழகவில்லை.