மருத்துவத்தை விட்டுப் போகாதவர்

நவீன சீனாவின் புரட்சி வரலாற்றைத் திறந்தால், மருத்துவம் பயின்ற இருவர் தலைவாசலிலேயே நிற்கிறார்கள். ஒருவர், ஹாங்காங்கில் 1892-இல் மருத்துவப் பட்டம் பெற்று, மக்காவிலும் குவாங்சோவிலும் சிறிது காலம் நோயாளிகளைப் பார்த்துவிட்டு, 1895-இல் குவாங்சோவில் ஆயுதக் கிளர்ச்சிக்குத் திட்டமிட்ட சுன் யாட்-சென். மற்றவர், ஜப்பானின் செண்டாய் நகரில் 1904-இல் மருத்துவப் படிப்பில் சேர்ந்து, அதை முடிக்காமலேயே 1906-இல் இலக்கியத்தின் பக்கம் திரும்பிய லூ சுன். 1919-இல் அவர் எழுதிய சிறுகதை ஒன்றில், காசநோயால் வாடும் மகனுக்காக ஒரு தந்தை, தலை வெட்டப்பட்ட புரட்சியாளன் ஒருவனின் இரத்தத்தில் தோய்த்த ரொட்டியைக் காசு கொடுத்து வாங்கிவருகிறார். மகன் பிழைப்பதில்லை. யாருக்காக அந்தப் புரட்சியாளன் உயிரை விட்டானோ, அவர்களுக்கு அவன் வெறும் மருந்துச் சரக்கு. அதுவும் பலிக்காத மருந்து.

இவ்வரலாற்றைச் சில மாதங்களாகப் படித்துவரும் எனக்கு ஓர் ஐயம் உண்டு. சீனாவை ‘நோயுற்ற நாடு’ என்று சொல்லும் உருவகம் கைக்கு வந்ததும், நோயுற்ற மனிதரை வரலாற்றாசிரியர்களும் மறந்துவிடுகிறார்களோ? மருத்துவத்தை உதறியவர்களைத் தெரிந்த அளவுக்கு, அதை விடாமல் பற்றிக்கொண்ட சி. சி. சென் என்ற மருத்துவரை நமக்குத் தெரியவில்லை.

ராக்ஃபெல்லர் அறக்கட்டளையின் பணத்தில் நடந்த பீக்கிங் யூனியன் மருத்துவக் கல்லூரியில் 1929-இல் பட்டம் பெற்ற சென், 1930-களின் தொடக்கத்தில் ஹெபெய் மாகாணத்தின் டிங்சியன் மாவட்டத்துக்குச் சென்றார். ஏறத்தாழ 4 லட்சம் பேர் வாழ்ந்த அந்த ஏழை மாவட்டத்தில், மருத்துவமனை கட்டுவதற்கு முன்பே அவர் கேட்ட கேள்வி, ஒரு கிராமத்துக் குடும்பத்தால் மருத்துவத்துக்கு எவ்வளவு செலவிட முடியும் என்பதுதான். அந்தச் சிறு தொகைக்குள் அடங்கும்படியே அவர் திட்டம் வகுத்தார். ஊர்க்காரர் ஒருவருக்குச் சில நாள் பயிற்சியும் ஒரு மருந்துப் பெட்டியும் கொடுக்கப்பட்டன. அம்மை குத்துவதும், பிறப்பு இறப்புகளைப் பதிவேட்டில் எழுதுவதும், கிணறுகளைத் தூய்மையாக வைப்பதும் அவருடைய வேலை. அவருக்கு மேலே மருத்துவர் இருக்கும் துணை நிலையம், அதற்கும் மேலே மாவட்ட மருத்துவமனை. 1937-இல் ஜப்பானியப் படையெடுப்பு இந்த முயற்சியை முடித்துவைத்தது.

சுகாதார அமைச்சகம் நகரத்துக் கனவான்களுக்கே சேவை செய்கிறது என்று மாவோ 1965 ஜூன் 26-இல் சாடினார். குறுகிய காலப் பயிற்சியுடன் கிராமங்களில் மருத்துவம் பார்த்த ஊர்க்காரர்களைக் குறிக்கும் ‘வெறுங்கால் மருத்துவர்கள்’ என்ற பெயர் 1968 முதல் நாடெங்கும் பரவி, 1970-களில் அவர்களின் எண்ணிக்கை 10 லட்சத்தைத் தாண்டியது. இதைப் புரட்சியின் தனிக் கண்டுபிடிப்பாகச் சொல்வது சரியல்ல என்பதே என் கருத்து. ஆனால் சென்னின் திட்டத்தை அப்படியே நகலெடுத்தார்கள் என்பதும் சரியல்ல. மூலிகையும் அக்குபங்சரும் சேர்ந்துகொண்டன, கம்யூன் என்ற கூட்டுப்பண்ணை அமைப்பு, செய்த வேலையைக் கணக்கிட்டு வழங்கிய உழைப்புப் புள்ளிகளே ஊதியமாயின, ஒரு மாவட்டத்து முயற்சிக்குக் கிட்டாத வீச்சும் கிட்டியது. கம்யூன்கள் கலைந்ததும் அந்த ஊதியத்துக்கு வழியில்லாமல் போனது. 1985-இல் அரசே அந்தப் பெயரைக் கைவிட்டது.

அமெரிக்கப் பணத்தில் நடந்த கல்லூரியின் மாணவரான சென், 1949-க்குப் பின் கண்டனத்துக்கு உள்ளாகிப் பொதுச் சுகாதாரப் பணியிலிருந்து ஒதுக்கப்பட்டார். கிராமத்து மருத்துவ அனுபவங்களை அவர் நூலாக வெளியிட்டது 1989-இல். அப்போது அவருக்கு வயது எண்பதைக் கடந்திருந்தது, வெறுங்கால் மருத்துவர் என்ற பெயர் போய் நான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன.