பேட்டா கொடுப்பவனின் கண்ணில் எரிக் பொம்மர்

போன மாதம் ஏற்காட்டில் ஒரு விளம்பரப் படப்பிடிப்பு. நான் புரொடக்‌ஷன் மேனேஜர். அதாவது இட்லி வந்ததா, ஜெனரேட்டரில் டீசல் இருக்கிறதா, மேக்கப் அக்காவுக்கு ரூம் கிடைத்ததா என்று எல்லாவற்றுக்கும் திட்டு வாங்குகிறவன். பகோடா பாயின்ட்டில் காலை ஆறு மணிக்கே கேமரா வைத்தாயிற்று, ஆறரைக்கெல்லாம் பனி இறங்கி எதிரே நிற்கிற ஆளே தெரியவில்லை. இயக்குநரோ "அழகா இருக்கு சார், கொஞ்சம் பாப்போம்" என்று உட்கார்ந்துவிட்டார். பத்தே முக்காலுக்குத்தான் விலகியது. ஒரு கால்ஷீட், அதாவது ஒரு ஷிப்ட் வேலை, ஒன்றரை கால்ஷீட் ஆகிவிட்டது.

அன்று ராத்திரி வவுச்சர்களை அடுக்கிக்கொண்டே ஃபோனில் படித்ததுதான் எரிக் பொம்மர் என்ற ஜெர்மன் படத் தயாரிப்பாளரின் கதை. 1889இல் ஜெர்மனியின் ஹில்டஸ்ஹைம் ஊரில் பிறந்தவர். படம் எடுக்க வருவதற்கு முன்னால் கோமோன், எக்லேர் என்ற பிரெஞ்சு கம்பெனிகளுக்காகப் படம் விற்றவர், ஆக எந்தப் படம் எங்கே ஓடும் என்கிற வியாபாரம் முதலிலேயே கைக்கு வந்துவிட்டது. முதல் உலகப்போர் நடக்கும்போதே, 1915இல், டெக்லா என்று சொந்தக் கம்பெனி ஆரம்பித்தார். 1920இல் வந்த 'டாக்டர் காலிகரி' அந்தக் கம்பெனிப் படம்தான். அதில் கோணல்மாணலான வீடுகள் எல்லாம் துணியில் வரைந்தவை, நிழலைக்கூடப் பல இடங்களில் பெயின்ட்டாலேயே போட்டுவிட்டார்கள். உலகமே கலை என்று கொண்டாடுகிறது, சரி. எனக்கு முதலில் தோன்றியது, அடடா, எவ்வளவு மரச்சாமானும் ஆசாரி கூலியும் மிச்சம் என்பதுதான். புத்தி அப்படி.

அப்புறம் யூஃபா என்ற பெரிய ஸ்டுடியோ. அங்கேதான் மிச்சம் பிடித்த மனிதர் மாட்டிக்கொண்டார். ஃபிரிட்ஸ் லாங் இயக்கிய 'மெட்ரோபோலிஸ்' 15 லட்சம் மார்க்கில் முடியும் என்று ஆரம்பித்து 50 லட்சத்தைத் தாண்டியது. 1925 மே மாதம் தொடங்கிய படப்பிடிப்பு மறுவருடம் அக்டோபர் வரை இழுத்தது. ஒன்றரை வருடம்! நான் நாலே கால் மணி நேரப் பனிக்கே கையைப் பிசைந்துகொண்டு நின்றவன். படம் முடிவதற்கு முன்பே, 1926 தொடக்கத்தில், பொம்மர் யூஃபாவை விட்டு ஹாலிவுட் போய்விட்டார். லாங் கேட்டதற்கெல்லாம் தலையாட்டியது புரொடக்‌ஷன் ஆள் செய்கிற வேலையில்லை என்றுதான் இப்போதும் நினைக்கிறேன். ஆனால் அந்தத் தலையாட்டல் இல்லாமல் அந்தப் படம் இல்லை, அதுதான் எரிச்சல்.

மறுபடி ஜெர்மனிக்கு, யூஃபாவுக்கே, திரும்பி வந்தபோது பேசும் படம் வந்துவிட்டது. மொழி மாறினால் வெளிநாட்டு மார்க்கெட் போச்சே என்று எல்லோரும் முழிக்க, இவர் ஒரே படத்தை இரண்டு மூன்று மொழிகளில் சேர்த்தே எடுத்தார். செட் போட்டாயிற்று, லைட் வைத்தாயிற்று, ஜெர்மனில் ஒரு டேக், அதே இடத்தில் ஆங்கிலத்தில் ஒரு டேக். 1930இல் மார்லீன் டீட்ரிச் நடித்த 'நீல தேவதை' அப்படி வந்ததுதான்.

இதைப் படித்ததும் எனக்கு எங்கள் ஊர் மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டுடியோதான் ஞாபகம் வந்தது. டி.ஆர்.சுந்தரம் சேலத்தில் உட்கார்ந்துகொண்டு தமிழ், மலையாளம், தெலுங்கு என்று வரிசையாகப் படம் எடுத்தவர், கறார் ஆள் என்று இன்றும் பெயர். மலையாளத்தின் முதல் பேசும் படமான 'பாலன்' 1938இல் இங்கிருந்து போனதுதான். அதற்குக் கேமரா பிடித்தவர் போடோ குட்ஷ்வாகர் என்ற ஜெர்மன்காரர்! ஏற்காடு ரோட்டில் மிச்சம் நிற்கிற அந்த ஸ்டுடியோவின் வாசல் வளைவைத் தாண்டித்தான் ஒவ்வொரு முறையும் மலைக்கு ஜெனரேட்டர் வண்டி ஏற்றுகிறேன், இது தெரியாமலே.

பொம்மர் யூதர். ஹிட்லர் வந்து இரண்டே மாதத்தில், 1933 மார்ச்சில், யூஃபா அவரை வெளியே அனுப்பியது. இத்தனை சம்பாதித்துக் கொடுத்தவரை. பாரிஸ், ஹாலிவுட், லண்டன், மறுபடி ஹாலிவுட் என்று அலைந்தார். மாரடைப்பு வந்து ஒப்பந்தம் கைவிட்டுப் போனதும் மனைவியும் அவருமாகப் பீங்கான் சாமான்களுக்கு வண்ணம் தீட்டிப் பிழைத்தார்கள் என்ற இடத்தில் ஃபோனைக் கொஞ்ச நேரம் கீழே வைத்துவிட்டேன். 1946இல் அதே ஜெர்மனிக்கு அமெரிக்க அரசின் சினிமா அதிகாரியாகத் திரும்பி, இடிந்துபோன படத்தொழிலை மறுபடி நிற்க வைக்க உதவினார். 1966இல் லாஸ் ஏஞ்சல்ஸில் இறந்தார்.

மறுநாள் எங்கள் தயாரிப்பாளரிடம் இந்த 50 லட்சம் மார்க் கதையைச் சொல்லி, பனிக்குப் போன அரை கால்ஷீட் வவுச்சரை மெதுவாக நீட்டினேன். பொறுமையாகக் கேட்டார். "அவருக்குப் பின்னாடி யூஃபா இருந்துச்சு தம்பி, எனக்குப் பின்னாடி என் மச்சான்தான் இருக்கான்" என்றார். வவுச்சர் இன்னும் என் பையில்தான் இருக்கிறது.