நாற்பது எழுத்துகளைத் தொலைபேசியில் ஒப்பிட்ட மாலை

2009இல் இடம்பெயர்ந்தபோது காணி உறுதிகளையும் அனுமதிப்பத்திரங்களையும் இழந்த குடும்பங்கள் ஒட்டுசுட்டானில் எங்கள் ஒழுங்கையிலும் உள்ளன. அவர்களிற் சிலருடைய அடையாள அட்டைப் பிரதிகளையும், எஞ்சியிருந்த கடிதங்களையும் ஸ்கான் செய்து வவுனியாவிலுள்ள சட்டத்தரணி அக்காவுக்கு அனுப்பும் பொறுப்பு என்னிடம் வந்தது. பிறந்த திகதி, அடையாள அட்டை இலக்கம், காணியின் எல்லைகள் என மோசடிக்காரனுக்கு வேண்டிய அனைத்தும் அத்தாள்களில் இருந்ததால், அவற்றை வெறும் மின்னஞ்சலில் அனுப்ப எனக்கு மனம் வரவில்லை.

கோப்புகளை மற்றவர் வாசிக்க முடியாதபடி மறைகுறியாக்கிப் பூட்டும் ஜிபிஜி மென்பொருளை நிறுவினேன். பூட்டவும் திறக்கவும் ஒரே திறப்பு என்றால், அந்தத் திறப்பையே முதலில் யாரும் பாராமல் மற்றவரிடம் சேர்ப்பிக்க வேண்டும். 1976இல் டிஃபியும் ஹெல்மனும் வெளியிட்ட வழி இந்தச் சிக்கலை அவிழ்த்தது. அடுத்த ஆண்டு ரிவெஸ்ட், ஷமிர், ஏடல்மன் மூவரும் ஆர்எஸ்ஏ முறையை உருவாக்கினர். பூட்டுவதற்கான பொதுத் திறப்பை ஊருக்கே கொடுக்கலாம். திறக்கும் தனித் திறப்பு உரியவரிடம் மட்டுமே இருக்கும். இரண்டு பெரிய பகா எண்களைப் பெருக்குவது கணினிக்கு நொடிப்பொழுது வேலை, ஆனால் விடையாக வரும் 617 இலக்க எண்ணை மட்டும் வைத்துக்கொண்டு அவ்விரண்டையும் கண்டுபிடிக்க இன்றைய கணினிகளால் இயலாது என்பதே அதன் பலம். கோப்பு முழுவதும் ஒருமுறை மட்டும் பயன்படும் சாதாரணத் திறப்பினால் விரைவாகப் பூட்டப்படுகிறது; அந்தச் சிறு திறப்பைப் பூட்டவே ஆர்எஸ்ஏ பயன்படுகிறது.

இவ்வளவும் விளங்கியும் நான் தவறினேன். இணையத்தில் அக்காவின் பெயரில் கிடைத்த பொதுத் திறப்பை எடுத்து எல்லாவற்றையும் பூட்டி அனுப்பினேன். அவரால் திறக்க முடியவில்லை. பூட்டிய நானும் திறக்க முடியாது. என் திறப்பையும் சேர்த்துப் பூட்ட நான் மறந்திருந்தேன். இணையத்தில் நான் எடுத்தது அவருடைய பழைய திறப்பு: அதன் தனித் திறப்பு, பழுதான மடிக்கணினியோடு போய்விட்டது, அந்தத் திறப்பை இனிப் பாவிக்க வேண்டாம் என அறிவித்து இரத்துச் செய்யும் சான்றிதழையும் அவர் எடுத்து வைக்கவில்லை. பொதுத் திறப்புகளை வெளியிடும் பழைய வகைச் சேவையகங்களில் யாரும் யார் பெயரிலும் திறப்பை ஏற்றலாம் என்பதை அன்றுதான் அறிந்தேன். அந்நியன் ஒருவனின் பூட்டாக அது இருந்து, அஞ்சலும் அவன் கையில் சிக்கியிருந்தால் எங்கள் சனத்தின் ஆவணங்களை என் கையாலேயே அவனிடம் கொடுத்திருப்பேன்.

புதிய திறப்பை அக்கா அனுப்பிய பின், எனக்கு ஏற்கெனவே தெரிந்த அவருடைய இலக்கத்துக்கு அழைத்தேன். ஒரு திறப்பை மற்றவற்றிலிருந்து பிரித்துக் காட்டும், திறப்பின் கைரேகை எனப்படும் நாற்பது எழுத்துகள், நான்கு நான்காகப் பத்துக் கூட்டங்கள். பழகிய அந்தக் குரல் ஒவ்வொன்றாக வாசிக்க, நான் திரையில் விரலை வைத்துப் பார்த்தேன். "தம்பி, ஏழாவது கூட்டம் இரைச்சலிலை கேட்டிருக்காது, திரும்பச் சொல்லுறன்," என்றார். பத்தும் பொருந்தின; ஆவணங்களை அந்தத் திறப்பால் மீண்டும் பூட்டி அனுப்பினேன். இரவு அவர் தம் தனித் திறப்பால் கையொப்பமிட்டு அனுப்பிய பதிலை அதே பொதுத் திறப்பால் சரிபார்த்தேன், பொருந்தியது.

மறுநாள் என் இரத்துச் சான்றிதழை அச்சிட்டு, அம்மாவின் றங்குப் பெட்டியில் எங்கள் காணி உறுதி இருக்கும் உறைக்குள் வைத்தேன்.